பதின்மூவர்: கதையாட்டத்துக்கு ஒரு ரகசியக் கணிதக் குழுவை உருவாக்குவது எப்படி

மீன்பிடித் தடைக்காலம் வந்துவிட்டால், ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள், மண்டபத்தில் விசைப்படகுகள் எதுவும் கடலுக்குப் போகாது. பள்ளிக்கூடமும் பெரும்பாலும் விடுமுறைதான், அண்ணன் பிள்ளைகளும் தெருப் பிள்ளைகளுமாக ஏழெட்டுப் பேர் சாயங்காலமானால் கடற்கரைக்கு வந்துவிடுவார்கள், அவர்களுக்கு நான் கதையாட்டம் நடத்துகிறேன், ஆளுக்கொரு பாத்திரமாக மாறி எல்லோரும் சேர்ந்து ஒரு கதையை நடத்திக்கொண்டு போகிற ஆட்டம் அது. கதையாட்டம் எப்படி ஆடுவது என்று இங்கே சொல்லப் போவதில்லை, யாராவது ஆடுவதை ஒரு முறை பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தாலே போதும். இந்தப் பதிவு அதற்குள் வரும் ஒரு குழுவைப் பற்றியது: கடலில் மூழ்கிய ஒரு துறைமுகத்துக்கு அடியில் ஒளிந்து, எதற்கும் பயன்படாத தூய கணிதத்தை மட்டும் தலைமுறை தலைமுறையாகக் காத்து வரும் ரகசியக் கூட்டம்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கறுப்பு அங்கி, குத்துவிளக்கு, சுவரில் புரியாத குறிகள் என்று மட்டும் வைத்தால் பிள்ளைகளுக்கு இரண்டு நாளில் சலித்துவிடும். குழுவிடம் உண்மையான ஒரு கணக்கு இருக்க வேண்டும், அதை ஆடுகிறவர்கள் தங்கள் கையாலேயே போட்டுப் பார்க்க முடிய வேண்டும். மற்றதெல்லாம் அதற்கு அப்புறம்தான்.

பெயரும் விதிகளும்

பெயரை நம் பழைய வணிகக் குழுக்களிடமிருந்து எடுங்கள். ஐந்நூற்றுவர், மணிக்கிராமம், அஞ்சுவண்ணம் என்று எவ்வளவு கம்பீரமாக இருக்கின்றன! என் குழு பதின்மூவர். படிநிலைகளுக்கும் வெளியே தேட வேண்டாம், தமிழில் கணிதம் படித்தவர்களுக்கு கணம், குலம், வளையம், களம் என்ற சொற்கள் தெரிந்திருக்கும், கேட்கும்போதே ஒரு ரகசியச் சபையின் அடுக்குகள் போல இருக்கின்றன. புதிதாகச் சேர்கிறவர் கணத்தார், கடைசிப் படி களத்தார்.

விதிகளுக்கு நிஜ வரலாறே போதும். கி.மு. 6ஆம் நூற்றாண்டில் பிதாகரஸ் தென் இத்தாலியின் குரோட்டன் நகரில் நடத்திய கூட்டம் தன் பாடங்களை வெளியே விடவில்லை. 2இன் வர்க்கமூலத்தைப் பின்னமாக எழுத முடியாது என்பதை வெளியே சொன்னவர் கடலில் மூழ்கினார் என்று ஒரு பழங்கதையும் உண்டு, நம் கரைக்கு அது நன்றாகவே பொருந்தும். 1539இல் தார்த்தாலியா என்ற இத்தாலியக் கணிதர், முப்படிச் சமன்பாட்டைத் தீர்க்கும் வழியைச் செய்யுளாக்கி, வெளியிடக் கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டு கார்டானோ என்ற இன்னொரு கணிதரிடம் சொன்னார். 1545இல் கார்டானோ அதை அச்சிட்டே விட்டார். கதையில் துரோகி வேண்டுமென்றால் இங்கிருந்து எடுத்துக்கொள்ளலாம். 1930களில் சில பிரெஞ்சுக் கணிதர்கள் பூர்பாக்கி என்ற, உலகத்திலேயே இல்லாத ஒருவர் பெயரில் புத்தகம் எழுதினார்கள், 50 வயதானால் குழுவிலிருந்து விலகிவிட வேண்டும் என்பது அவர்கள் வழக்கம். அந்த விதியை நான் அப்படியே எடுத்துக்கொண்டேன்.

இடத்துக்கு மட்டும் தனுஷ்கோடியை அதே பெயரில் வைக்காதீர்கள். 1964 டிசம்பர் புயலில் சொந்தங்களைப் பறிகொடுத்த குடும்பங்கள் இங்கே பக்கத்துத் தெருவில் இருக்கின்றன. ஒரு கற்பனைத் துறைமுகத்துக்குப் பெயர் வைக்க ஐந்து நிமிடம் போதும்.

ரகசியத்தைப் பங்கு போடுவது

என்னைத் தடுமாற வைத்தது இந்த இடம்தான், அதனால் மெதுவாகப் போகிறேன். குழுவின் ரகசியம் ஓர் எண். எந்த ஒருவரிடமும் அது முழுதாக இருக்காது, ஐந்து பேரில் எந்த இரண்டு பேர் சேர்ந்தாலும் கிடைத்துவிடும். 1979இல் ஷமீர் என்ற கணிதர் வெளியிட்ட முறை இது, அதையே சிப்பிகளை வைத்துச் செய்கிறோம்.

ஈரமணலில் பெரிய வட்டம் போட்டு 13 சிப்பிகளைச் சுற்றி வையுங்கள், 0 முதல் 12 வரை. ரகசிய எண் 7 என்று வைத்துக்கொள்வோம். ஒவ்வொரு முறையும் எத்தனை சிப்பி தள்ளிப் போவது என்று தாவல் எண் ஒன்றையும் மனதுக்குள் நினையுங்கள், 5 என்று இருக்கட்டும். முதல் ஆள் 7இலிருந்து 5 சிப்பி தள்ளி நிற்கிறார், 12. இரண்டாம் ஆள் இன்னும் ஒரு தாவல், 12க்கு அடுத்து மறுபடி 0 என்று எண்ணினால் 4. மூன்றாமவர் 9, நான்காமவர் 1, ஐந்தாமவர் 6. இவைதான் அவரவர் பங்கு, காதில் ரகசியமாகச் சொல்லிவிடுங்கள்.

இப்போது 2ஆம் ஆளும் 5ஆம் ஆளும் சந்திக்கிறார்கள். ஒருவரிடம் 4, இன்னொருவரிடம் 6. இடையில் 3 தாவல், நகர்ந்தது 2 சிப்பி. அப்படியானால் ஒரு தாவல் எவ்வளவு? 0இலிருந்து மூன்று மூன்றாக எண்ணிக்கொண்டே போங்கள்: 3, 6, 9, 12, 2. ஐந்தாவதில் 2 வந்துவிட்டது, தாவல் எண் 5. இனி 2ஆம் ஆளின் 4இலிருந்து இரண்டு தாவல் பின்னால் வந்தால் 12, அப்புறம் 7. ரகசியம் கிடைத்துவிட்டது.

முதல் வருஷம் நான் 13 வைக்கவில்லை, கடிகாரம் மாதிரி இருக்கட்டுமே என்று 12 வைத்தேன், குழுவின் பெயரும் அப்போது பன்னிருவர்தான். அதே 7, அதே 5. 2ஆம் ஆளுக்கு 5, 5ஆம் ஆளுக்கு 8. 3 தாவலில் 3 சிப்பி, ஆகவே தாவல் எண் 1 என்று பிள்ளைகள் கணக்குப் போட்டு, ரகசியம் 3 என்று அறிவித்து, எண்ணுக்கு ஒன்றாக நான் வைத்திருந்த தீப்பெட்டிகளில் தப்பானதைத் திறந்தார்கள். அவர்கள் கணக்கில் தவறே இல்லை! 12 வட்டத்தில் மூன்று மூன்றாக எண்ணினால் 3, 6, 9, 0 என்று நான்கு சிப்பிகளையே திரும்பத் திரும்பத் தொடும், 3 என்ற சிப்பி முதல் எண்ணிக்கையிலும் ஐந்தாவதிலும் ஒன்பதாவதிலும் வருகிறது. விடைகள் 3, 7, 11 என்று மூன்று. ஒரு ராத்திரி முழுக்க நோட்டில் போட்டுப் பார்த்த பிறகுதான் புரிந்தது: 12ஐ 3 வகுக்கும், 13ஐ 1உம் 13உம் தவிர எதுவும் வகுக்காது. வட்டம் பகா எண்ணாக இருந்தால்தான் 0 தவிர எந்தத் தாவலும் எல்லாச் சிப்பியையும் தொடும், வகுத்தலும் ஒழுங்காக நடக்கும். கணிதத்தில் கூட்டல், கழித்தல், பெருக்கல் மட்டும் ஒழுங்காக நடந்தால் வளையம், 0 தவிர எதாலும் வகுக்கவும் முடிந்தால் களம், அதனால் 12 சிப்பி வெறும் வளையம், 13 சிப்பி களம். கடைசிப் படிக்கு நான் ஏன் களத்தார் என்று பெயர் வைத்தேன் என்பது இப்போது தெரிந்திருக்கும். பத்தாம் வகுப்பில் மட்டு எண்கணிதம் படிக்கும் என் அண்ணன் மகள் இதைப் பார்த்துவிட்டு, "சித்தப்பா, இது எங்க பாடம்தானே" என்று கேட்டபோது எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

13இல் இன்னொரு அழகு: அ முதல் ஔ வரை 12 உயிர், அதோடு ஆய்தம். ஆய்தத்துக்கு 0, அகரத்துக்கு 1 என்று வைத்தால் 7 என்பது எ. நான் 13 தீப்பெட்டிகள் மேல் இந்த எழுத்துகளை ஒட்டி, ஒன்றில் மட்டும் கதையின் அடுத்த துப்பு எழுதிய ஓலையை வைக்கிறேன்.

சாமான்கள்

கட்டம் போட்ட கணக்கு நோட்டு, பென்சில், சிப்பி. செல்போன் செயலிகளையும் கால்குலேட்டரையும் நான் அனுமதிப்பதே இல்லை, சிப்பியைத் தொட்டு எண்ணும்போது ஏறுகிற கணக்கு திரையில் ஏறுவதில்லை. துண்டுச் சீட்டு வேண்டாம், கச்சான் காற்று ஒரு நொடியில் கொண்டுபோய்விடும்.

பின்சேர்க்கை

படித்துச் செய்து பார்த்தவர்கள் கேட்டதில் மூன்று. 0ஆம் ஆள் என்று யாரையும் வைக்காதீர்கள், அவர் பங்கே ரகசிய எண்ணாகிவிடும். தாவல் எண் 0 ஆகவும் இருக்கலாம் என்று எல்லோரிடமும் சொல்லிவிடுங்கள். இருக்கக் கூடாது என்று விதி போட்டால், தன் பங்கு ரகசியம் இல்லை என்று ஒவ்வொருவருக்கும் தெரிந்துவிடும், 13இல் ஒன்று கழிந்துவிடும். ஒருவர் பொய்ப் பங்கு சொன்னால் என்ன செய்வது? மூன்றாவது ஆளைக் கூப்பிடுங்கள், மூவரும் இரண்டிரண்டு பேராகக் கணக்குப் போட்டு விடைகள் ஒத்துவரவில்லை என்றால் யாரோ பொய் சொல்கிறார்.

மூன்று பேர் சேர்ந்தால்தான் திறக்க வேண்டும் என்று கேட்டவருக்கு: தாவல் எண் 5 போலவே இன்னொரு எண்ணையும் மனதுக்குள் நினையுங்கள், 2 என்று இருக்கட்டும். ஆள் எண்ணை 5ஆல் பெருக்குங்கள், ஆள் எண்ணின் வர்க்கத்தை 2ஆல் பெருக்குங்கள், இரண்டையும் ரகசிய எண் 7உடன் கூட்டி 13ஆல் வகுத்த மீதியை எடுங்கள். ஐந்து பேருக்கும் முறையே 1, 12, 1, 7, 4 வரும். முதல் ஆளுக்கும் மூன்றாம் ஆளுக்கும் ஒரே எண் வந்திருக்கிறதே என்று திரும்பப் போட வேண்டாம், அது சரிதான்.