லைசென்ஸ் புதுப்பிக்க உட்காரும் முன் ஆதாரைப் பக்கத்தில் வையுங்கள்: வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூர்க்காரர்களுக்கு ஒரு செய்முறை

2005, 2006 வாக்கில் லைசென்ஸ் எடுத்தவர்கள் கார்டை எடுத்து ஒருமுறை தேதியைப் பாருங்கள். அப்போதைய விதிப்படி, சொந்த வண்டி ஓட்டும் லைசென்ஸ் இருபது ஆண்டு வரை செல்லும். அதற்குள் ஐம்பது வயது வந்துவிட்டால் அதோடு சரி. அந்த இருபது ஆண்டு பலருக்கு இப்போது முடிகிறது.

தேதி நெருங்கியதும் டிரைவிங் ஸ்கூல் வாசலில் போய் நின்று "அண்ணே, எவ்வளவு ஆகும்?" என்று கேட்பது நம்மூர் வழக்கம். கேட்கலாம், குற்றமில்லை. ஆனால் டெஸ்ட் இல்லாத இந்த வேலைக்குப் புரோக்கர் எதற்கு என்பது என் கேள்வி. படிவத்தை நிரப்ப அரை மணி நேரம்கூட ஆகாது. விண்ணப்பங்கள் மாட்டிக்கொள்வது அதில் அல்ல. கார்டில் ஒரு பெயர், ஆதாரில் இன்னொரு பெயர், பழைய முகவரி, தொலைந்துபோன சிம் இவற்றில்தான். அதனால் இந்த விளக்கத்தில் பாதி, சாரதி என்ற அரசு இணையதளத்தைத் திறப்பதற்கு முன்னால் செய்ய வேண்டியவை.

முதலில் தேதி

கார்டில் இரண்டு காலாவதித் தேதிகள் இருக்கலாம். என்டி என்று இருப்பது சொந்த வாகனங்களுக்கு, டிஆர் என்று இருப்பது வாடகை, சரக்கு வாகனங்களுக்கு. டிஆர் தேதி ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை முடியும். ஆட்டோ, லாரி ஓட்டுகிறவர்கள் என்டி தேதியைப் பார்த்துவிட்டு இன்னும் நாள் இருக்கிறது என்று நிம்மதியாக இருந்துவிடுவது உண்டு. இரண்டையும் பாருங்கள்.

காலாவதிக்கு ஓர் ஆண்டு முன்பிருந்தே விண்ணப்பிக்கலாம். முடிந்த பிறகும் ஓர் ஆண்டு வரை டெஸ்ட் இல்லாமல் புதுப்பிக்கலாம். அதையும் தாண்டினால் மறுபடி வண்டி ஓட்டிக் காட்ட வேண்டும். அந்தப் பின் ஓர் ஆண்டு விண்ணப்பிக்கத்தான், வண்டி ஓட்ட அல்ல. முன்பு காலாவதிக்குப் பிறகும் 30 நாள் லைசென்ஸ் செல்லும் என்று ஒரு சலுகை இருந்தது. 2019 சட்டத் திருத்தத்தில் அதை எடுத்துவிட்டார்கள். "ஒரு மாசம் டைம் இருக்கு சார்" என்று வேலூர் கிரீன் சர்க்கிளில் போலீஸ்காரரிடம் சொல்லிப் பயனில்லை. செல்லாத லைசென்ஸுக்கு அபராதம் 5,000 ரூபாய். அந்த நேரத்தில் விபத்து ஒன்று நடந்துவிட்டால் இன்சூரன்ஸ் கம்பெனியோடு மல்லுக்கட்ட வேண்டிவரும் என்பது இதைவிடப் பெரிய கவலை.

கம்மவான்பேட்டை போல வீட்டுக்கு ஒருவராவது ராணுவத்தில் இருக்கிற ஊர்களில் இந்த முன்கூட்டிய ஓர் ஆண்டு மிகவும் உதவும். அடுத்த லீவு எப்போது என்று தெரியாதவர்கள் இந்த லீவிலேயே முடித்துவிடலாம். வளைகுடாவில் வேலை பார்க்கிறவர்களுக்கும் இதேதான்.

எத்தனை வருடத்துக்குக் கிடைக்கும்?

சொந்த வாகன லைசென்ஸுக்கு வயதுதான் கணக்கு. 30 வயதுக்குள் இருந்தால் 40 வயது வரை. 30 முதல் 50க்குள் என்றால் பத்து ஆண்டு. 50 முதல் 55க்குள் என்றால் 60 வயது வரை. அதற்கு மேல் ஐந்தைந்து ஆண்டாக. 41 வயதில் புதுப்பிப்பவருக்குப் பத்து ஆண்டு கிடைக்கும். 52 வயதுக்காரருக்கு எட்டு ஆண்டுதான். "அவருக்குப் பத்து வருஷம் போட்டார்கள், எனக்கு ஏன் குறைத்தார்கள்" என்று ஆர்டிஓ அலுவலகத்தில் கேட்க வேண்டாம்.

பெயர், ஊர், போன்

இப்போது கார்டையும் ஆதாரையும் மேசையில் அருகருகே வைத்து எழுத்துக்கு எழுத்து ஒப்பிடுங்கள்.

பெயரில் நமக்கு இருக்கும் தலைவலி இனிஷியல். லைசென்ஸில் முருகன் எஸ், ஆதாரில் எஸ் முருகன், பான் கார்டில் முருகன் சுப்பிரமணி. நமக்கு மூன்றும் ஒரே ஆள். ஒப்பிட்டுப் பார்க்கும் கணினிக்கு அப்படித் தோன்ற வேண்டும் என்று கட்டாயமில்லை. இனிஷியல் முன்னால், பின்னால் என்ற அளவில் இருந்தால் பெரும்பாலும் சமாளிக்கலாம். ஆங்கில எழுத்துக்கூட்டலே வேறாக இருந்தாலோ, பிறந்த தேதி ஒத்துப்போகவில்லை என்றாலோ புதுப்பித்தலைத் தொடங்க வேண்டாம். ஆதார் தப்பு என்றால் ஆதார் மையத்தில் அதை முதலில் சரிசெய்யுங்கள். லைசென்ஸ் தப்பு என்றால் பெயர் மாற்றம் தனிச் சேவை; அதற்கு என்ன சான்று வேண்டும் என்று அலுவலகத்தில் கேட்டுக்கொண்டு பிறகு உட்காருங்கள்.

அடுத்தது ஊர். இது நம் பக்கத்துக்கே உரிய குழப்பம். வடஆற்காடு 1989இல் இரண்டானது. 2019இல் வேலூர் மூன்றானது. ஆம்பூரில் ஒரே வீட்டில் முப்பது ஆண்டாக இருப்பவரின் லைசென்ஸில் வேலூர் மாவட்டம் என்று இருக்கும், இப்போது அவர் இருப்பது திருப்பத்தூர் மாவட்டம். வாலாஜா, ஆற்காட்டுக்காரர்களுக்கு ராணிப்பேட்டை. வீடு மாறவில்லை, மாவட்டம்தான் மாறியது என்றால் பயப்பட ஒன்றுமில்லை. ஆனால் பின்கோடு சரியாக இருக்க வேண்டும், ஏனென்றால் அதை வைத்துத்தான் உங்கள் அலுவலகம் எது என்று தளம் காட்டும், தபாலும் அதை வைத்துத்தான் வரும். அலுவலகக் குறியீடு வேலூருக்கு டிஎன் 23, ராணிப்பேட்டைக்கு 73, வாணியம்பாடிக்கு 83. குடியாத்தம், அரக்கோணம், ஆம்பூரில் பகுதி அலுவலகங்கள் இருக்கின்றன. லைசென்ஸ் எண்ணில் 23 இருந்தும் நீங்கள் இப்போது 73இன் எல்லையில் இருந்தால் அங்கேயே விண்ணப்பிக்கலாம். எடுத்த இடத்தில்தான் புதுப்பிக்க வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. சித்தூரில் லைசென்ஸ் எடுத்துவிட்டு காட்பாடியில் குடியிருப்பவருக்கும் இது பொருந்தும். இங்குள்ள முகவரிச் சான்று வேண்டும், அவ்வளவுதான்.

வீடே மாறியிருந்தால் முகவரி மாற்றத்தையும் அதே விண்ணப்பத்தில் சேர்த்துவிடுங்கள். தனித்தனியாகப் போட்டால் கார்டுக்கு இரண்டு முறை பணம் கட்ட வேண்டும்.

மூன்றாவது போன். ஆதாரில் எந்த எண் பதிவாகியிருக்கிறதோ அந்த எண்ணுக்குத்தான் ஓடிபி வரும். அந்த சிம் இப்போது மகன் கையிலா, ரீசார்ஜ் இல்லாமல் அலமாரியிலா என்று பாருங்கள். லைசென்ஸில் பதிவான எண் வேறாக இருந்தால் அதைச் சாரதி தளத்திலேயே மாற்ற வழி இருக்கிறது.

டாக்டர் சான்று யாருக்கு?

40 வயதுக்கு மேற்பட்டவர்களும், வயது எதுவானாலும் டிரான்ஸ்போர்ட் (டிஆர்) லைசென்ஸ் வைத்திருப்பவர்களும் டாக்டர் சான்றான படிவம் 1ஏ தர வேண்டும். மற்றவர்களுக்குப் படிவம் 1 போதும், அது சுய உறுதிமொழி. வலிப்பு உண்டா, 25 மீட்டர் தூரத்தில் நம்பர் பிளேட்டைப் படிக்க முடிகிறதா, சிவப்பும் பச்சையும் பிரித்துத் தெரிகிறதா, மாலைக்கண் உண்டா, ஹார்ன் சத்தம் காதில் விழுகிறதா என்று கேட்கும். கண்ணை மூடிக்கொண்டு டிக் அடிக்காமல் உண்மையாகப் பதில் சொல்லுங்கள். கீழே கையெழுத்துப் போடுவது நீங்கள்.

1ஏ வாங்க சிஎம்சிக்குப் போய் வரிசையில் நிற்க வேண்டியதில்லை. பதிவுபெற்ற எம்பிபிஎஸ் மருத்துவர் போதும். ஒரு விஷயத்தை மட்டும் பணம் கொடுப்பதற்கு முன் கேளுங்கள்: "சாரதி தளத்தில் நீங்களே ஏற்றித் தருவீர்களா டாக்டர்?" தமிழ்நாட்டில் மருத்துவர் தன் கணக்கிலிருந்து நேரடியாகச் சான்றை ஏற்றும் முறை வந்திருக்கிறது. காகிதத்தில் மட்டும் எழுதித் தரும் சான்றோடு அலைவதைவிடப் பதிவு செய்த மருத்துவரைத் தேடிப் போவது நல்லது. கண்ணாடி போடுகிறவர்கள் மறக்காமல் போட்டுக்கொண்டு போங்கள்.

இனி தளம்

கூகுளில் தேடினால் மேலே விளம்பரமாகச் சில போலித் தளங்கள் வரும். முகவரி சாரதி, பரிவாஹன் என்று தொடங்கி கவ் டாட் இன் என்று முடிகிறதா என்று பார்த்துவிட்டு உள்ளே போங்கள். வாட்ஸ்அப்பில் ஆர்டிஓ பெயரில் வரும் ஏபிகே கோப்பை எந்தக் காரணத்துக்கும் திறக்க வேண்டாம். லைசென்ஸ் வேலைக்கு அப்படி எதுவும் அனுப்ப மாட்டார்கள்.

மாநிலம் தமிழ்நாடு என்று தேர்ந்தெடுங்கள். டிரைவிங் லைசென்ஸ் பட்டியலில் 'சர்வீசஸ் ஆன் டிஎல்' என்பதைத் தட்டினால் லைசென்ஸ் எண்ணும் பிறந்த தேதியும் கேட்கும். எண்ணை டிஎன்23, பிறகு நான்கு இலக்க ஆண்டு, பிறகு ஏழு இலக்கம் என்ற வரிசையில் கொடுங்கள். வரிசை எண்ணில் ஏழு இலக்கம் இல்லையென்றால் முன்னால் பூஜ்யம் சேர்த்து நிரப்புங்கள். அப்படியும் 'ரெக்கார்ட் இல்லை' என்று வந்தால் உங்கள் பழைய லைசென்ஸ் கணினியில் ஏறவில்லை. குறிப்பாகப் புத்தக வடிவ லைசென்ஸ் வைத்திருப்பவர்களுக்கு இது நடக்கும். வீட்டில் உட்கார்ந்து எத்தனை முறை தட்டினாலும் வராது. அசலை எடுத்துக்கொண்டு அலுவலகம் போய் 'பேக்லாக்' பதிவு செய்யச் சொல்லுங்கள். அது ஏறிய பிறகு மற்றது எல்லாருக்கும் போலத்தான்.

விவரம் வந்துவிட்டால் புகைப்படமும் பெயரும் உங்களுடையதா என்று பாருங்கள், பின்கோடு கொடுத்து அலுவலகத்தை உறுதிசெய்யுங்கள். சேவைகளின் பட்டியலில் 'ரினியூவல் ஆஃப் டிஎல்' முன்னால் டிக் செய்யுங்கள். முகவரி மாற்றம் வேண்டுமானால் அதையும் இங்கேயே.

ஆதார் வழியா, ஆதார் இல்லாமலா என்று கேட்கும் இடம்தான் முக்கியமான கிளை. ஆதார் வழியில் ஓடிபி கொடுத்துப் போனால் அலுவலகத்துக்குப் போகாமலே முடியும். ஆதார் இல்லாமல் போனால் ஸ்லாட் பதிவு செய்து, அசல் ஆவணங்களோடு நேரில் போக வேண்டும். மேலே ஒப்பிட்டுப் பார்க்கச் சொன்னது இந்த இடத்துக்காகத்தான்.

படமும் கையெழுத்தும் கேட்டால் 10 முதல் 20 கேபிக்குள் இருக்க வேண்டும். இப்போதைய போனில் எடுத்த படம் இதைவிடப் பல மடங்கு பெரியது, சுருக்காமல் ஏறாது. வெள்ளைத் தாளில் கறுப்பு மையால் கையெழுத்துப் போட்டு, நிழல் விழாமல் பகலில் படம் எடுத்து, ஓரங்களை வெட்டி, பிறகு சுருக்குங்கள். கணினிப் பழக்கம் இல்லாதவர்கள் இந்த ஒரு வேலைக்கு மட்டும் நெட் சென்டர் போகலாம். ஓடிபியை நீங்களே தட்டுங்கள். விண்ணப்பத்தில் சென்டர்காரரின் போன் எண்ணைப் போட விடாதீர்கள், அதன் பிறகு உங்கள் தகவல் எல்லாம் அவருக்குத்தான் போகும்.

கட்டணம்

புதுப்பிக்க 200 ரூபாய், ஸ்மார்ட் கார்டுக்கு 200 ரூபாய். இதற்கு மேல் சேர வேண்டியது ஏதாவது இருந்தால், தாமதக் கட்டணம் உட்பட, திரையிலேயே மொத்தமாகக் காட்டும். பணம் கழிந்துவிட்டு ரசீது வரவில்லை என்றால் உடனே மறுபடி கட்ட வேண்டாம். 'வெரிஃபை பே ஸ்டேட்டஸ்' என்ற இடத்தில் விண்ணப்ப எண்ணைக் கொடுத்துப் பாருங்கள். பெரும்பாலும் அங்கே சரியாகிவிடும். விண்ணப்ப எண்ணை ஒரு தாளில் எழுதி வையுங்கள்.

கார்டு வீட்டுக்கு வரும்

2024 பிப்ரவரி 28 முதல் தமிழ்நாட்டில் லைசென்ஸும் ஆர்சியும் ஸ்பீட் போஸ்டில்தான் வருகின்றன, அலுவலகத்தில் கையில் தருவதில்லை. ஆகவே கதவு எண், தெரு, பின்கோடு மூன்றும் தபால்காரருக்குப் புரியும்படி இருக்க வேண்டும். பகலில் வீடு பூட்டியிருக்கும் என்றால் உங்கள் பகுதித் தபால்காரரிடம் ஒரு வார்த்தை சொல்லி வையுங்கள். கார்டு திரும்பிப் போனால் ஆர்டிஓ அலுவலகத்துக்கே போகும், பிறகு அதை மறுபடி வரவழைக்கும் வேலை உங்கள் தலையில்.

கார்டு வருவதற்குள் வண்டி எடுக்க வேண்டுமானால், விண்ணப்பம் ஒப்புதலானதும் எம்பரிவாஹன் அல்லது டிஜிலாக்கர் செயலியில் புதிய தேதி ஏறிவிட்டதா என்று பாருங்கள். 2018இல் வந்த விதித் திருத்தத்தின்படி அதைக் காட்டினாலே போதும், கிறிஸ்டியான்பேட்டை செக்போஸ்ட் தாண்டி ஆந்திராவுக்குள் போனாலும் செல்லும். ஒப்புதலுக்கு முன்னால் கையில் இருப்பது பணம் கட்டிய ரசீது மட்டும். அதை வைத்து, காலாவதியான லைசென்ஸோடு ஓட்டக் கூடாது.

டாடா ஏஸ், ஆட்டோ ஓட்டுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. மொத்த எடை 7,500 கிலோவுக்கு உட்பட்ட வண்டியை எல்எம்வி (இலகு ரக வாகன) லைசென்ஸ் வைத்தே வாடகைக்கு ஓட்டலாம் என்று 2024 நவம்பரில் உச்ச நீதிமன்ற அரசியல் சாசன அமர்வு உறுதிசெய்துவிட்டது. ஆனால் கார்டில் ஏற்கெனவே டிஆர் இருந்தால் அதைக் கைவிடலாமா என்பதை அவசரமாக முடிவு செய்யாதீர்கள். நாளைக்கு லாரியோ பஸ்ஸோ ஓட்டும் எண்ணம் இருந்தால் அது தேவைப்படும்.

கவரைப் பிரித்ததும் கார்டில் பார்க்க வேண்டியது: பெயர், பிறந்த தேதி, இரண்டு காலாவதித் தேதிகள், பழைய கார்டில் இருந்த வண்டி வகைகள் எல்லாம் இருக்கின்றனவா என்பது. கியர் பைக் எழுத்து விடுபட்டிருந்தால் பழைய கார்டின் நகலோடு உடனே அலுவலகத்தில் சொல்லுங்கள். அதற்காகத்தான் விண்ணப்பிக்கும் முன் பழைய கார்டை இரண்டு பக்கமும் படம் எடுத்து வைக்க வேண்டும்.