பாபநாசம் போகிற சாக்கில் ஒரு ஊமைப்படம்

குடும்பத்தோடு நெல்லைப் பக்கத்துப் பாபநாசம் போகிறீர்களா, கையில் போன் இருக்கிறதா, அப்படியானால் அஞ்சு நிமிட ஊமைப்படம் ஒன்றை அங்கேயே எடுத்துவிடலாம். போவதற்கு முன்னால் சாப்ளின் 1919-ல் எடுத்த 'எ டேஸ் பிளஷர்' படத்தை ஒரு தடவை பாருங்கள். ரெண்டே ரீல், குட்டிப்படம்தான். பெண்டாட்டி பிள்ளைகளோடு ஒருத்தன் ஊர் சுற்றக் கிளம்புகிறான், கதை அவ்வளவுதான். ஃபோர்டு கார் கிளம்ப மாட்டேன் என்கிறது, படகில் ஏறினால் குமட்டுகிறது, மடக்கு நாற்காலியை விரிக்கத் தெரியாமல் அதோடு மல்லுக்கட்டுகிறான், திரும்பும்போது நாற்சந்தியில் கொட்டிய தாரில் கால் ஒட்டிக்கொள்கிறது. சாப்ளின் படங்களில் இது சுமார் ரகம்தான், ஆனால் அந்த நாற்காலிக்காகப் பார்க்கலாம்.

நீங்களும் அப்படி ஒரே ஒரு பொருளைப் பிடியுங்கள். எங்களுக்கு அகப்பட்டது சித்தியின் தூக்குச்சட்டி. புளியோதரையை அமுக்கி அடைத்ததில் மூடி இறுகிவிட்டது. சித்தப்பா முதலில் அலட்சியமாக ஒரு கையால் இழுத்தார். அப்புறம் ரெண்டு கை. அப்புறம் வேட்டியை மடித்துக் கட்டி, சட்டியை முழங்காலுக்கு நடுவில் இடுக்கிக்கொண்டு, பல்லைக் கடித்து ஒரே இழுப்பு. மூடி ஒரு பக்கம், சோறு படித்துறையில், குரங்கு ஏற்கெனவே ரெடி. (குரங்கு நாங்கள் எழுதிய காட்சியில் இல்லை.) ஒவ்வொரு முயற்சியும் முந்தினதைவிட ஒரு பிடி கூடினால்தான் சிரிப்பு வரும்.

போனை ஒரு செங்கல்லில் சாய்த்து வைத்துவிட்டுத் தொடாதீர்கள். தலையிலிருந்து கால் வரை தெரியவேண்டும், குளோசப் வேண்டாம், சித்தப்பாவின் கால் தடுமாறுவதில்தான் பாதி காமெடி. வழுக்குகிற கடைசிப் படியில் மட்டும் யாரையும் நடிக்க விடாதீர்கள்.

அந்தக் காலத்துக் கேமராவைக் கையால் சுற்றினார்கள், விநாடிக்குப் பெரும்பாலும் 16 முதல் 20 ஃப்ரேம். அதை 24-ல் ஓட்டும்போது அந்தத் துறுதுறு நடை வந்துவிடுகிறது. எடிட்டிங்கில் வேகத்தை 1.25 ஆக்கினால் போதும். கறுப்பு வெள்ளையாக்கி, நடுநடுவே வசனம் எழுதிய அட்டை நாலைந்து காட்டுங்கள்: "ஏல, தள்ளி நில்லு, நான் திறக்கேன்!"

சத்தம் கிடையாது என்பதால் எடுக்கும்போது நீங்கள் கத்திக்கொண்டே இருக்கலாம், அக்கால இயக்குநர்களும் கேமரா ஓட ஓடச் சொல்லிக்கொடுத்தவர்கள்தான். சரி, குடும்ப குரூப்பில் போடும் முன் ஒலியை நீக்கிவிட்டீர்களா என்று பாருங்கள். நான் மறந்துவிட்டேன், சித்தி சித்தப்பாவைத் திட்டியது அத்தனையும் அம்பாசமுத்திரம் மாமா வீடு வரை போய்ச் சேர்ந்துவிட்டது.