போலீஸ் பிடித்த வண்டியைத் தராமல் இழுத்தடித்தால் கோர்ட்டுக்குப் போவது எப்படி (தென்னாப்பிரிக்காவின் டர்பன் அனுபவம்)

எங்கள் பக்கி (சிறிய பிக்கப் வண்டி) கிளேர்வுட் சந்தையிலிருந்து சாட்ஸ்வொர்த்துக்குக் காய்கறி ஏற்றும் வண்டி. எஞ்சின் மாற்றியது என்பதால் எண் பதிவோடு ஒத்துப்போகவில்லை, திருட்டு வண்டியோ என்று பிடித்துவிட்டார்கள். அதுகூடப் பரவாயில்லை. வழக்கு வேண்டாமென்று பிராசிக்யூட்டர் (குற்ற வழக்கு நடத்தும் அரசு வக்கீல்) எழுதிய பிறகும் வண்டி யார்டிலேயே நின்றதுதான் கொடுமை. எந்த ஸ்டேஷன் என்பது இங்கே தேவையில்லை.

முதலில் கேஸ் நம்பர், போலீஸ் பிடித்த பொருள்களைப் பதியும் எஸ்ஏபி 13 பதிவேட்டு எண் இரண்டையும் வாங்கிக்கொள்ளுங்கள். வழக்கு நடக்கிறதா, முடிந்ததா என்று பிராசிக்யூட்டர் அலுவலகத்தில் கேளுங்கள். வழக்குப் போடவில்லை, சாட்சியத்துக்கும் வண்டி தேவையில்லை என்றால் 1977 குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 31-ஆம் பிரிவு உங்கள் பக்கம்: யாரிடமிருந்து எடுத்தார்களோ, அவர் சட்டப்படி வைத்திருக்கக்கூடியவர் என்றால், அவரிடமே திருப்பித் தர வேண்டும்.

அடுத்து ஒரு கடிதம். ஸ்டேஷன் கமாண்டருக்கு, தேதி போட்டு, இத்தனை நாளைக்குள் வண்டியை விடுங்கள், இல்லையென்றால் கோர்ட்டுக்குப் போவேன் என்று நேராக எழுதுங்கள். வாட்ஸ்அப்பெல்லாம் எனக்கு நம்பிக்கையில்லை. இரண்டு பிரதி கொண்டுபோய் ஒன்றில் முத்திரையும் வாங்கியவர் பெயரும் வாங்கிவிடுவதுதான் நல்லது. எத்தனை தடவை நடந்தீர்கள் என்பதை கோர்ட் சும்மா நம்பாது, இந்தக் காகிதம் இருந்தால் நம்பும்.

சரி, இப்போது அஃபிடவிட், அதாவது சத்தியம் செய்து கொடுக்கும் வாக்குமூலம். நாங்கள் சிக்கியது இங்கேதான். பதிவுச் சான்றிதழில் உரிமையாளர் நான், கடன் முடியாததால் டைட்டில்ஹோல்டர் (உரிமைப் பத்திரம் யார் பெயரில் இருக்கிறதோ அவர்) வங்கி, பிடிபட்டபோது ஓட்டியது மச்சான். பிரிவு சொல்வது "யாரிடமிருந்து எடுத்தார்களோ" என்று, அதாவது மச்சான்! அதனால் என் அஃபிடவிட்டோடு, வண்டி தன்னுடையதல்ல, என்னுடையது, என் வேலையாகத்தான் தான் ஓட்டியதாகவும், என்னிடமே கொடுக்கலாம் என்றும் மச்சானும் தனியாக ஒன்று சத்தியம் செய்து கொடுத்தார். வங்கியிடமும் ஆட்சேபணை இல்லை என்று கடிதம் வாங்கி இணைத்தோம். எஞ்சின் வாங்கிய ரசீதையும் மறக்காதீர்கள். கையெழுத்தை கமிஷனர் ஆஃப் ஓத்ஸ் (சத்தியம் வாங்கும் அதிகாரம் உள்ளவர்) முன்னால்தான் போட வேண்டும், ஒவ்வொரு பக்கத்திலும் இனிஷியல். ஸ்டேஷனிலேயே இலவசமாகச் செய்து தருவார்கள், ஆனால் நீங்கள் வழக்குப் போடும் அதே ஸ்டேஷன் வேண்டாமே. நான் தபால் அலுவலகத்துக்குப் போனேன்.

எந்தக் கோர்ட்? சிறு தொகை வழக்குகளுக்கான ஸ்மால் கிளெய்ம்ஸ் கோர்ட்டில் அரசு மேல் வழக்குப் போட முடியாது, அந்த யோசனையை விட்டுவிடுங்கள். நாங்கள் டர்பன் ஹை கோர்ட்டுக்குப் போனோம். போலீஸ் அமைச்சரையும் ஸ்டேஷன் கமாண்டரையும் எதிர்மனுதாரராகக் காட்டி, ஷெரிஃப் (கோர்ட் காகிதங்களைக் கொண்டு சேர்க்கும் அதிகாரி) மூலம் மனுவை அனுப்ப வேண்டும். இதற்கு வக்கீல் வைத்துக்கொள்வதே மேல், வசதியில்லையென்றால் லீகல் எய்டில் (அரசு சட்ட உதவி அமைப்பு) கேளுங்கள். வாரன்ட் இல்லாமல் சட்டவிரோதமாகப் பிடித்திருந்தால் வேறு வழியும் உண்டு. எண்கள் அழிக்கப்பட்ட டாக்ஸியைப் பற்றிய இன்குகும்பா வழக்கில், 2014-இல் அரசியலமைப்பு நீதிமன்றம் வண்டியைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னது. வக்கீலிடம் அந்தப் பெயரைச் சொல்லுங்கள்.

மனு போய்ச் சேர்ந்ததும், விசாரணைக்கு முன்பே போலீஸ் தரப்பு அரசு வக்கீலிடமிருந்து எங்களுக்குப் போன் வந்தது. வண்டியைத் தருகிறோம், மனுவை வாபஸ் வாங்குங்கள் என்றார்கள். உங்கள் வழக்குச் செலவுத் தொகையை எழுத்தில் பேசி முடிக்காமல் வாபஸ் வாங்காதீர்கள்.

பிற்சேர்க்கை: பர்மிட் இல்லாமல் ஓடியதாக டாக்ஸி பிடிபட்டிருந்தால் இந்த வழி பொருந்தாது. அது 2009 தரைப் போக்குவரத்துச் சட்டத்தின் 87-ஆம் பிரிவு, அபராதக் கட்டணமும் உண்டு.

இன்னொரு பிற்சேர்க்கை: டர்பன் பக்கத்து ஃபீனிக்ஸிலிருந்து ஒரு அண்ணன் வீடு மாறியதைப் போலீஸிடம் சொல்லாமல் இருந்திருக்கிறார். வண்டியை எடுத்துக்கொள்ளலாம் என்ற தகவல் கடைசியாகத் தெரிந்த முகவரிக்குப் பதிவுத் தபாலில்தான் வரும், 30 நாளுக்குள் எடுக்காவிட்டால் வண்டி அரசுக்குப் போய்விடும். முகவரி மாறியிருந்தால் இன்றே எழுதிக் கொடுங்கள். எடுக்கப் போகும்போது பேட்டரி, ஸ்பேர் டயர் இருக்கிறதா என்று பார்த்து, இல்லாததைப் பதிவேட்டிலேயே எழுதிவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள். நஷ்ட ஈடு கேட்பதானால் ஆறு மாதத்துக்குள் எழுத்தில் நோட்டீஸ் கொடுக்க வேண்டும்.