பிஎஸ்1 கேம் பாதி லிஸ்ட்டுல வரலயா? டக்ஸ்டேஷன்ல லைப்ரரி அடுக்குறது எப்படி

போன ஸ்கூல் லீவுக்கு அக்கா மகன் சுங்கைப் பட்டாணியிலேர்ந்து வந்து பட்டர்வொர்த்துல எங்க வீட்டுல நாலு நாள் தங்குனான். "மாமா, நீங்க சின்ன வயசுல என்ன கேம் வெளாண்டீங்க"ன்னு கேட்டான், நானும் பெருமையா லேப்டாப்பத் தொறந்து உக்காந்தேன். ஃபோல்டர்ல 26 கேம் இருக்கு, டக்ஸ்டேஷன் (பிஎஸ்1 கேம கம்ப்யூட்டர்ல ஓட்டுற எமுலேட்டர் சாப்ட்வேர்) லிஸ்ட்டுல 18தான் வருது. அதுவும் காணாமப் போன எட்டுல ரிட்ஜ் ரேசர், டூம் ரெய்டர் ரெண்டும் இருக்கு, அதத்தான் காட்டலாம்னு கூப்பிட்டேன். "மிச்சம் எங்க மாமா?"ன்னு ரெண்டு தடவ கேட்டுட்டு அவன் பாட்டுக்கு போன எடுத்துக்கிட்டுப் போய்ட்டான். மானம் போச்சு. அன்னைக்கி ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் உக்காந்து என்ன கோளாறுன்னு கண்டுபிடிச்சேன், அதத்தான் இங்க எழுதுறேன்.

மொதல்ல ஒண்ணு சொல்லிடுறேன். இது பிளேஸ்டேஷன் 1க்கு, விண்டோஸ் லேப்டாப்ல, டக்ஸ்டேஷன் வச்சி. "ரெட்ரோஆர்க் ஏன் இல்ல"ன்னு கேப்பீங்க. ரெட்ரோஆர்க் நல்ல சாமான்தான், பத்து மெஷின் கேம ஒரே எடத்துல வச்சிருக்கறவங்களுக்கு. ஆனா அது ஸ்கேன் பண்ணும்போது தன்னோட டேட்டாபேஸ்ல இருக்கறதோட ஒத்துப் போனாத்தான் லிஸ்ட்டுல சேக்கும், இல்லாட்டி சத்தமே இல்லாம விட்டுட்டுப் போயிரும், மேனுவல் ஸ்கேன்னு தனியா ஒண்ணு தேடிப் பிடிக்கணும். புதுசா ஆரம்பிக்கிறவங்கள அதுல தள்ளி விட்டா ரெண்டாவது நாளே வெறுத்துருவாங்க. பிஎஸ்1 மட்டும்தான்னா டக்ஸ்டேஷன், பேச்சே இல்ல.

கேம் எங்கேர்ந்து எடுக்கறது

சொந்த டிஸ்க்லேர்ந்து. நம்ம ஊர்ல 90கள்ல பாசார் மாலாம்ல வாங்குனது எல்லாம் அநேகமா செத்தாக் ரொம்பாக்தான் (திருட்டு காப்பி), மறைக்க என்ன இருக்கு. ஒரிஜினல் பிஎஸ்1 டிஸ்க்க திருப்பிப் பாத்தா அடிப்பக்கம் கறுப்பா இருக்கும், டூப்ளிகேட் வெள்ளியா பளபளக்கும். என்கிட்ட இருக்கற கறுப்பு டிஸ்க் எல்லாம் பின்னாடி வேலைக்குப் போனப்புறம் ஜப்பான்லேர்ந்து செகண்ட் ஹேண்டா வாங்குனது. யூஎஸ்பி டிவிடி டிரைவ் ஒண்ணு இருந்தா போதும், இம்க்பர்ன்ல "ரீட்"னு குடுத்தா ஒரு பின் ஃபைலும் (டிஸ்க்குல உள்ள டேட்டா) ஒரு கியூ ஃபைலும் (எந்த பின்ல எந்த ட்ராக் இருக்குன்னு சொல்ற குறிப்பு) வரும். கோலாலம்பூர்ல இருக்கற என் கூட்டாளி ரெடம்பர்ங்கற சாமான வச்சி எனக்குக் கொஞ்சம் டிஸ்க் எடுத்துக் குடுத்தான், அது ஒவ்வொரு ட்ராக்குக்கும் தனித்தனி பின் ஃபைலாக் குடுக்கும். இந்த வித்தியாசத்த ஞாபகம் வச்சிக்குங்க, என் எட்டு கேமும் மாட்டிக்கிட்டது இங்கதான்.

பயாஸ்

பயாஸ்ங்கறது பிஎஸ்1 மெஷினுக்குள்ளயே இருக்கற சாப்ட்வேர், அது இல்லாம டக்ஸ்டேஷன் கேம் ஓட்டாது. பிஎஸ்1 பயாஸ் ஃபைல் சரியா 512 கேபி இருக்கும், அதவிட சின்னதாவோ பெருசாவோ இருந்தா ஏதோ தப்பு. ஜப்பான் டிஸ்க்குக்கு எஸ்சிபிஎச் 5500 மாடல் மெஷினோட பயாஸ், அமெரிக்க டிஸ்க்குக்கு 5501, ஐரோப்பா டிஸ்க்குக்கு 5502, பயாஸ் ஃபோல்டர்ல போட்டா தானா எடுத்துக்கும். சொந்த மெஷின்லேர்ந்து எடுங்க. லிங்க் குடுங்கன்னு எனக்கு எழுதாதீங்க, குடுக்க மாட்டேன். ஐரோப்பா டிஸ்க்க முடிஞ்சா தவிர்த்துருங்க, அது 50 ஹெர்ட்ஸ்ல ஓடும், நெறைய கேம் அதுல மெதுவா நடக்கற மாதிரி இருக்கும்.

விண்டோஸ்ல மொதல்ல மாத்த வேண்டியது

இத யாரும் சொல்ல மாட்டாங்க. விண்டோஸ் ஃபைல் பேரோட வாலை (.பின், .கியூ மாதிரி கடைசில வர்றத) மறைச்சி வச்சிருக்கும். ஃபோல்டரத் தொறந்து மேல வியூ, அதுல ஷோ, அதுல ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ்ங்கறத டிக் பண்ணிடுங்க. இத பண்ணாம கீழ உள்ளத செஞ்சீங்கன்னா பாதி வேல தப்பாப் போவும். உதாரணத்துக்கு, டக்ஸ்டேஷன் இருக்கற ஃபோல்டர்ல போர்ட்டபிள்.டிஎக்ஸ்டின்னு வெறும் ஃபைல் ஒண்ணு வச்சா செட்டிங், சேவ் எல்லாம் அந்த ஃபோல்டருக்குள்ளயே இருக்கும், அப்படியே ஹார்ட் டிஸ்க்ல தூக்கிட்டுப் போகலாம். வாலு மறைஞ்சிருந்தா நீங்க உண்மையில வச்சது போர்ட்டபிள்.டிஎக்ஸ்டி.டிஎக்ஸ்டி. அது வேலை செய்யாது, ஏன்னும் தெரியாது.

கியூ ஃபைல், நான் விழுந்த குழி

கூட்டாளி எடுத்துக் குடுத்த ஃபைல் பேரெல்லாம் நீளமா, அடைப்புக்குறி, ட்ராக் நம்பர்னு அசிங்கமா இருந்துச்சுன்னு ஒரு ஞாயித்துக்கெழம பொழுது போகாம மொத்தமா பேர் மாத்துற சாமான் ஒண்ண எறக்கி எல்லாத்தையும் அழகு பண்ணுனேன். அழகாத்தான் இருந்துச்சு. அன்னைலேர்ந்துதான் எட்டு கேம் காணோம், நான் அப்ப கவனிக்கவே இல்ல.

கியூ ஃபைல்ங்கறது கேம் இல்ல, வெறும் எழுத்து. நோட்பேட்ல தொறந்து பாருங்க. இங்கிலீஷ்ல இருக்கும், தமிழ்ல எழுதுனா இப்படி:

ஃபைல் "ரிட்ஜ் ரேசர் (ட்ராக் 01).பின்" பைனரி
ட்ராக் 01 மோட்2/2352
இண்டெக்ஸ் 01 00:00:00
ஃபைல் "ரிட்ஜ் ரேசர் (ட்ராக் 02).பின்" பைனரி
ட்ராக் 02 ஆடியோ

இப்படியே கீழ போய்க்கிட்டே இருக்கும். மொத ட்ராக்தான் கேம், மத்தது எல்லாம் பாட்டு, சாதா ஆடியோ சிடி மாதிரியே. மேற்கோள்குறிக்குள்ள இருக்கற பேரும் ஃபோல்டர்ல இருக்கற பின் ஃபைல் பேரும் எழுத்துக்கு எழுத்து ஒண்ணா இருக்கணும். நான் ஃபோல்டர்ல பேர மாத்திட்டேன், கியூவுக்குள்ள பழைய பேரே கெடக்கு. வீடு மாறுனவன் பழைய அட்ரஸ்லயே தபாலுக்குக் காத்திருந்த கததான்.

அப்ப மிச்ச 18 கேம் மட்டும் எப்படி வந்துச்சு? இதுதான் என்னை ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் சுத்தல்ல விட்டது. அதெல்லாம் ஒரே ஒரு பின் உள்ள கேம். கியூ பேரும் பின் பேரும் ஒண்ணா இருந்தா, உள்ள எழுதியிருக்கறது தப்பா இருந்தாக்கூட டக்ஸ்டேஷன் தானா ஊகிச்சி அந்த பின்ன எடுத்துக்குது. நல்ல மனசு, ஆனா அதனாலயே தப்பு வெளியே தெரியல. ரெண்டாவது ட்ராக் வந்த உடனே ஊகம் செல்லாது, கேமே லிஸ்ட்டுல வராது. எரர் எதுவும் கண்ணு முன்னாடி வந்து நிக்காது, கேம் இல்ல, அவ்ளோதான். நான் பயாஸ் மாத்திப் பாத்தேன், டக்ஸ்டேஷன அழிச்சிட்டுத் திரும்பப் போட்டேன், டிரைவ் கெட்டுப் போச்சான்னு செக் பண்ணுனேன், எல்லாம் வீண் வேல.

சரி பண்றது லேசு. நோட்பேட்ல கியூவத் தொறந்து ஒவ்வொரு ஃபைல் வரியிலயும் புதுப் பேர எழுதி சேவ் பண்ணுங்க. டூம் ரெய்டர்ல அம்பதுக்கு மேல ட்ராக், அதுக்கு நோட்பேட்ல ரீப்ளேஸ் இருக்கு, ஒண்ணொண்ணா டைப் பண்ணாதீங்க, நான் பண்ணுனேன்.

(ரிட்ஜ் ரேசர் பத்தி ஒரு சின்ன கத. பிஎஸ்1ல அந்த கேம் மொத்தமும் மெமரிக்குள்ள ஏறிடும், அப்புறம் டிஸ்க்க வெளிய எடுத்துட்டு வேற பாட்டு சிடி போட்டா ரேஸ் ஓட்டும்போது அந்தப் பாட்டு வரும். எங்க அண்ணன் கானா பாட்டு சிடியப் போட்டு ஓட்டுவாரு. இப்பவும் எனக்கு அந்த கேமோட சொந்தப் பாட்டக் கேட்டா ஏதோ மாறிப் போன மாதிரி இருக்கும்.)

சிஎச்டி ஆக்கிடுங்க

இந்தத் தலவலியே வேணாம்னா எல்லா பின்னையும் கியூவையும் சேத்து ஒரே ஃபைலா கட்டிடலாம், அதான் சிஎச்டி. எடமும் கொறையும், அதுக்கப்புறம் எப்படி வேணும்னாலும் பேர் மாத்தலாம், உள்ள எதுவும் கெடாது. இதுக்கு மேம் எமுலேட்டரோட விண்டோஸ் பேக்கேஜ எறக்கி அதுலேர்ந்து சிஎச்டிமேன்ங்கற ஒரே ஒரு ஃபைல மட்டும் எடுத்து கேம் இருக்கற ஃபோல்டர்ல போடுங்க. அந்த ஃபோல்டரோட மேல் அட்ரஸ் பார்ல சிஎம்டின்னு அடிச்சி எண்டர் தட்டுனா கறுப்பு விண்டோ வரும். அதுல சிஎச்டிமேன், ஸ்பேஸ், கிரியேட்சிடி (ஒரே வார்த்த, நடுவுல ஸ்பேஸ் விடாதீங்க), ஸ்பேஸ், மைனஸ் ஐ, ஸ்பேஸ், மேற்கோள்குறிக்குள்ள கியூ ஃபைல் பேர், ஸ்பேஸ், மைனஸ் ஓ, ஸ்பேஸ், மேற்கோள்குறிக்குள்ள புது சிஎச்டி பேர். குடுக்க வேண்டியது கியூவ, பின்ன இல்ல. கியூ தப்பா இருந்தா இது எரர் காட்டி நின்னுரும், அதுவே ஒரு நல்ல சோதனைதான். பட்டன் வச்ச சாமானும் இருக்கு, எனக்குப் புடிக்கல, எது தப்பாப் போச்சுன்னு அது சொல்றதில்ல.

சிஎச்டி வந்த உடனே பழச அழிக்காதீங்க. தொறந்து ஓட்டி, பாட்டு கேக்குதான்னு பாத்துட்டு அப்புறம் அழிங்க.

நாலு டிஸ்க் கேம்

ஃபைனல் ஃபேன்டசி 7 மூணு டிஸ்க், 8 நாலு டிஸ்க். லிஸ்ட்டுல ஒரே கேம் நாலு தடவ வந்தா அசிங்கம். புது டக்ஸ்டேஷன் இத தானா ஒண்ணா சேத்துக் காட்டும். ஆனா நான் அதே ஃபைல போன்ல ரெட்ரோஆர்க்லயும் ஓட்டுறதால எம்3யூ ஃபைல் (ஒரு கேமோட டிஸ்க் எல்லாத்தையும் வரிசையாச் சொல்ற லிஸ்ட்) வச்சிருக்கேன். நோட்பேட்ல ஒரு வரிக்கு ஒரு டிஸ்க் பேர், வாலோட எழுதி, .எம்3யூன்னு சேவ் பண்ணணும். வாலு தெரியாம சேவ் பண்ணுனா எம்3யூ.டிஎக்ஸ்டி ஆயிரும், அதான் மேல அவ்ளோ சொன்னேன்.

எம்3யூவும் வருது, உள்ள உள்ள டிஸ்க்கும் தனித்தனியா வருதுன்னா, டிஸ்க் ஃபைல் எல்லாத்தையும் உள்ள ஒரு சின்ன ஃபோல்டர்ல தள்ளி, எம்3யூல அந்த ஃபோல்டர் பேரயும் முன்னாடி சேத்து எழுதிட்டு, செட்டிங்ல கேம் லிஸ்ட் பக்கம் எக்ஸ்க்ளூடட் பாத்ஸ்ல அந்த ஃபோல்டரக் குடுத்துடுங்க.

லிஸ்ட்டுல சேக்கறது

இது ரெண்டு நிமிச வேல. செட்டிங், கேம் லிஸ்ட், ஃபோல்டர சேத்து, உள் ஃபோல்டரயும் தேடுறதுக்கு "யெஸ்" குடுங்க. லிஸ்ட்டுல வர்ற பேர் ஃபைல் பேர் இல்ல, டிஸ்க்குக்குள்ள இருக்கற சீரியல் நம்பர வச்சி டக்ஸ்டேஷனே கண்டுபிடிக்கும். எஸ்எல்பிஎஸ், எஸ்சிபிஎஸ் எல்லாம் ஜப்பான், எஸ்எல்யூஎஸ் அமெரிக்கா, எஸ்எல்இஎஸ் ஐரோப்பா. அட்டப் படமும் டூல்ஸ்ல கவர் டவுன்லோடர்ல அதே சீரியல வச்சி எறங்கும். வராததுக்கு ரைட் கிளிக் பண்ணி நீங்களே படம் வச்சிக்கலாம், நான் என் டிஸ்க் அட்டயவே போன்ல போட்டோ புடிச்சி வச்சிருக்கேன், ஓரத்துல கட விலச் சீட்டு ஒட்டியிருக்கறதோட.

மெமரி கார்டுல ஒரு எச்சரிக்க. நிஜ பிஎஸ்1 கார்டு 128 கேபி, 15 பிளாக்தான். டக்ஸ்டேஷன் ஒவ்வொரு கேமுக்கும் தனிக் கார்டு குடுக்கும், அத கேம் டைட்டில் படி வச்சிருக்கறத மாத்தாதீங்க. ஃபைல் பேர் படின்னு ஒரு ஆப்ஷன் இருக்கு. அத எடுத்துட்டு அப்புறம் ஃபைல் பேர மாத்துனா சேவ் காணோம்னு அழுவீங்க. கார்டு அங்கயேதான் இருக்கும், பேர் ஒட்டாது.

பின்சேர்க்கை 1: கிள்ளான்லேர்ந்து ஒரு தம்பி, வெளி ஹார்ட் டிஸ்க்ல வச்சிருக்காராம், ஒரு நாள் மொத்த லிஸ்ட்டும் காலி. வேற பென்டிரைவ் சொருகியிருந்தப்ப ஹார்ட் டிஸ்க் இ-லேர்ந்து எஃப்-க்கு மாறிருச்சு. ஸ்டார்ட்ல ரைட் கிளிக், டிஸ்க் மேனேஜ்மெண்ட், டிரைவ்ல ரைட் கிளிக், சேஞ்ச் டிரைவ் லெட்டர், எம் மாதிரி தள்ளி இருக்கற எழுத்தாக் குடுத்துடுங்க, அப்புறம் லிஸ்ட்டுல அந்த ஃபோல்டரத் திரும்ப சேத்தா போதும்.

பின்சேர்க்கை 2: ஸ்டீம் டெக்ல (லினக்ஸ்ல ஓடுற கையடக்க கேம் மெஷின்) போட்டவங்களுக்கு. விண்டோஸ்ல ஓடுன கியூவும் எம்3யூவும் அங்க ஓடலன்னா பெரிய எழுத்து சின்ன எழுத்தப் பாருங்க, லினக்ஸ்ல அது ரெண்டும் வேற வேற. சிஎச்டி ஆக்கிட்டா கியூ தொல்லை இல்ல, எம்3யூவ மட்டும் சரிபாருங்க.

பின்சேர்க்கை 3: அக்கா மகன் தீபாவளிக்குத் திரும்ப வந்தான், 26ம் லிஸ்ட்டுல இருக்கு, ரிட்ஜ் ரேசர பத்து நிமிசம் ஓட்டுனான், "கார் ஏன் மாமா கட்டம் கட்டமா இருக்கு"ன்னு கேட்டுட்டு முறுக்கு எடுக்கப் போய்ட்டான். என் ஃபைனல் ஃபேன்டசி 8ல மூணாவது டிஸ்க் கீறல் விழுந்து படிக்க மாட்டேங்குது, ஜப்பான் பதிப்பு நல்ல நெலமயில யாராவது விக்கறதா இருந்தா சொல்லுங்க, பினாங்குன்னா நானே ஃபெர்ரி ஏறி வந்து வாங்கிக்கிறேன்.