மூணு செகண்ட் கேப்: முன்வண்டியில் மோதாமல் இருக்க

முன்வண்டிக்கும் உங்கள் வண்டிக்கும் நடுவே விடும் தூரத்தை ஓட்டுநர் பயிற்சியில் 'பின்தொடர் இடைவெளி' என்பார்கள். இதை மீட்டரில் அல்ல, நொடியில் அளக்க வேண்டும். வேகம் கூடினால் இடைவெளியும் தானாகக் கூட வேண்டுமே!

வடபழனி 100 அடி ரோட்டில் போகிறீர்கள் என்றால், முன்வண்டியின் பின்பக்கம் ஒரு மெட்ரோ தூணைத் தாண்டியதும் "ஆயிரத்து ஒண்ணு, ஆயிரத்து ரெண்டு, ஆயிரத்து மூணு" என்று எண்ணுங்கள். முடிக்கும் முன்பே உங்கள் பம்பர் அந்தத் தூணுக்கு வந்துவிட்டால், நெருங்கிவிட்டீர்கள். ஆக்சிலரேட்டரிலிருந்து காலை எடுங்கள்.

60 கி.மீ. வேகத்தில் ஒரு நொடிக்கு சுமார் 17 மீட்டர் ஓடும். பிரேக் லைட்டைப் பார்த்து கால் பிரேக்குக்குப் போக ஒன்றரை நொடி ஆனால், அதிலேயே 25 மீட்டர் போய்விடும். காய்ந்த ரோட்டில் வண்டி நிற்க இன்னும் 20 மீட்டராவது வேண்டும். 3 நொடி தருவது 50 மீட்டர்தான்.

மழையில் 5 நொடி விடுங்கள். முதல் மழைதான் மோசம். ரோட்டில் படிந்த எண்ணெயும் தூசியும் வழுக்கும்.

இடையில் பைக் நுழையத்தான் செய்யும். கோபப்பட்டு ஒட்டாதீர்கள், மறுபடி எண்ணி இடைவெளியை மீட்டுக்கொள்ளுங்கள். சிக்னலில் நிற்கும்போது முன்வண்டியின் பின் டயர் தரையைத் தொடும் இடம் உங்கள் கண்ணுக்குத் தெரிய வேண்டும்.