மதுரைக்குக் கிளம்பும் முன்: சிவில் வழக்குத் தாமதத்தில் நடக்கும் தவறுகள்

ராமநாதபுரம், ராமேஸ்வரம், திருவாடானை கோர்ட்டு வராந்தாக்களில் அடிக்கடி காதில் விழும் யோசனை இது: "மதுரையில ஒரு சி.ஆர்.பி. போடுங்க, ஆறு மாசத்துல முடிக்கச் சொல்லி ஆர்டர் வாங்கிடலாம்." சி.ஆர்.பி. என்றால் உயர் நீதிமன்றத்தில் போடும் சிவில் சீராய்வு மனு. இந்த யோசனை பாதிதான் உண்மை. கீழ்க் கோர்ட்டுகளைக் கண்காணிக்கும் அதிகாரத்தை அரசியல் சட்டத்தின் 227ஆவது பிரிவு உயர் நீதிமன்றத்துக்குத் தருகிறது. நம் மாவட்டத்துக்கு அது 2004 முதல் மதுரைக் கிளை. மீதிப் பாதி தெரியாமல் போகிறவர்கள் பணத்தோடு காலத்தையும் விடுகிறார்கள்.

பெரிய தவறு, வழக்கு எங்கே நிற்கிறது என்று பார்க்காமலே கிளம்புவது. பெரியபட்டினம் பக்கம் ஒரு தென்னந்தோப்புப் பாகப்பிரிவினை வழக்கு என்று வைத்துக்கொள்வோம். கோர்ட்டு இழுத்தடிக்கிறது என்கிறார் வாதி. இ-கோர்ட்ஸ் தளத்தில் வழக்குக்கென்று உள்ள 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைப் போட்டு வாய்தா வரிசையைப் பார்த்தால் கதை வேறு. சவூதியில் இருக்கும் பங்காளிக்கு ஊர் வீட்டு முகவரியிலேயே சம்மன் அனுப்பி, அது அவர் கையில் சேராமல் (சார்வாகாமல்) திரும்பிக்கொண்டிருக்கிறது. அடுத்த வாய்தாவில் சம்மன் அனுப்பும் கட்டணமான பேட்டாவைக் கட்டவில்லை. அப்புறம் ஒரு பிரதிவாதி இறந்துபோகிறார். வாரிசுகளைச் சேர்க்க 90 நாள்தான் கெடு. தாண்டினால் அவரைப் பொறுத்தவரை வழக்கு அற்றுப்போகும். பாகப்பிரிவினையில் எல்லாப் பங்காளியும் இருந்தாக வேண்டும் என்பதால் மொத்த வழக்குக்கே அது வினை. அப்படி அற்றுப்போனதை ரத்து செய்யக் கேட்க இன்னும் 60 நாள். அதுவும் போனால் தாமத மன்னிப்பு மனு, அதற்கு எதிருரை, விசாரணை. இந்த வாய்தா வரிசையைக் கையில் வைத்துக்கொண்டு மதுரையில் என்ன சொல்லி அவசரம் கேட்பது?

அடுத்தது, ஆறு மாதக் கெடுவை உரிமை மாதிரி நினைப்பது. ஒரு கோர்ட்டில் கிடக்கும் வழக்கை இத்தனை மாதத்தில் முடி என்று மேல் கோர்ட்டுகள் சாதாரணமாகக் கெடு வைக்கக் கூடாது, விதிவிலக்கான நிலைமையில் மட்டுமே வைக்கலாம் என்று 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொல்லிவிட்டது. எல்லாருக்கும் கெடு கொடுத்தால் வரிசையில் முன்னால் நிற்கிற வழக்கு பின்னால் போகும், நியாயம்தானே. ஆகவே மனுதாரரின் வயது, உடல்நிலை, வழக்கின் ஆண்டு, எதிர்த்தரப்பு வாங்கிய வாய்தாக்கள் எல்லாம் அபிடவிட்டில் (பிரமாணப் பத்திரத்தில்) தேதியோடு வர வேண்டும். "நீண்ட காலமாக நிலுவையில் உள்ளது" என்ற ஒற்றை வரி போதாது.

அதே தீர்ப்பில் இன்னொன்றும் உண்டு. தடையாணை ஆறு மாதத்தில் தானாகவே காலாவதியாகும் என்ற 2018ஆம் ஆண்டு விதியை அது நீக்கிவிட்டது. எதிர்த்தரப்பு மதுரையில் தடை வாங்கியிருந்தால் அது தானாகப் போகும் என்று காத்திருக்காதீர்கள். நீக்கக் கேட்டு மனுப் போடுங்கள். ஆனால் தடையே இல்லாமல் "சி.ஆர்.பி. நிலுவை" என்று வாய்தா வாங்கும் பழக்கமும் இருக்கிறதே, அதற்கு ஒத்துக்கொள்ளத் தேவையில்லை. சிவில் நடைமுறைச் சட்டம் 115ஆவது பிரிவிலேயே சீராய்வு தானாகத் தடை ஆகாது என்று இருக்கிறது. வழக்கு விசாரணையில் ஒரு தரப்புக்கு மூன்று வாய்தாவுக்கு மேல் கூடாது என்ற விதியையும் ஜட்ஜ் முன்னால் மனுவாகவே எழுதி நினைவுபடுத்தலாம். வாயால் சொன்னது வழக்குக் கட்டுக்குள் ஏறாது.

கலெக்டர் ஆபீஸ் திங்கட்கிழமை மனு, முதல்வர் தனிப்பிரிவு: இவை வீண். நிர்வாகம் கோர்ட்டுக்குள் கை நீட்ட முடியாது.

ஜெயித்தவர்கள் செய்யும் தவறையும் சொல்லிவிடுகிறேன். பாகப்பிரிவினையில் முதலில் வருவது யாருக்கு எவ்வளவு பங்கு என்று மட்டும் சொல்லும் முதனிலைத் தீர்ப்பாணைதான். தோப்பை அளந்து பிரித்து இறுதித் தீர்ப்பாணை வாங்காமல் வருஷக்கணக்கில் விட்டுவிட்டு, மரங்களை எதிராளி ஏலம் விட்டபின் ஓடி வருகிறார்கள். இறுதித் தீர்ப்பாணைக்குப் பிறகு அதை நடைமுறைப்படுத்தக் கேட்பது நிறைவேற்று மனு. அந்தக் கட்டத்தில் இப்போது மேலிருந்து கண்காணிப்பு கடுமையாகவே இருக்கிறது. 2025 மார்ச்சில், தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில், நிலுவையிலுள்ள நிறைவேற்று மனுக்களின் விவரத்தை வாங்கி அவை ஆறு மாதத்தில் முடிவதைப் பார்க்க வேண்டும் என்று எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. உங்கள் மனு அந்தக் கணக்கில் வர வேண்டுமென்றால் முதலில் அது நம்பர் ஆகியிருக்க வேண்டும், அதாவது கோர்ட்டு அதை ஏற்று எண் கொடுத்திருக்க வேண்டும். குறை சொல்லித் திருப்பிய மனு வக்கீல் ஆபீஸ் அலமாரியிலேயே கிடக்கிறதா என்று இந்த வாரமே கேட்டுப் பாருங்கள்.