பிலிப்பைன்ஸ் நாடகம் பற்றி எழுத வருகிறவர்கள் வழுக்கி விழும் இடங்கள்

தென்கிழக்காசிய நாடகம் பற்றி எழுதப் புதிதாக வருகிறவர்களின் கட்டுரைகளைப் படித்துத் திருத்தித் தருவது என் வேலைகளில் ஒன்று. பிலிப்பைன்ஸ் பற்றி யார் எழுதி அனுப்பினாலும் முதல் இரண்டு பக்கத்திலேயே எங்கே சறுக்கப்போகிறார் என்று தெரிந்துவிடுகிறது. பாதி சறுக்கல்கள் ஒரு காலத்தில் என்னுடையவை. ஆண்டைத் தப்பாகப் போடுவது, பெயரைக் குழப்புவது எல்லாம் மெய்ப்புத் திருத்துகிறவர் பிடித்துவிடுவார். அவற்றை இங்கே எடுக்கப்போவதில்லை.

ஸ்பெயினிலிருந்து வந்தது, ஆகவே நகல்

கொமேத்யா என்ற வாள்சண்டை நாடகம், சினாகுலோ என்ற இயேசுவின் பாடுகள் நாடகம், சர்சுவேலா என்ற பாட்டும் வசனமும் கலந்த நாடகம் மூன்றும் ஸ்பானிய ஆட்சியோடு வந்து இறங்கிய வடிவங்கள்தான். அதற்காக அவற்றை 'இறக்குமதி' என்று முத்திரை குத்தி நகர்ந்துவிட முடியாது. தவக்காலத்தில் ஊர் கூடிப் பாடும் பஸ்யோனையே எடுத்துக்கொள்ளுங்கள். இயேசுவின் பாடுகளைச் சொல்லும் நீண்ட செய்யுள். காஸ்பார் அக்கினோ தெ பெலென் 1704 வாக்கில் மணிலா வட்டார மொழியான தகாலோகில் எழுதியது ஒன்று. 1814இல் வெளிவந்த இன்னொரு வடிவம்தான் ஊர் ஊராகப் பரவியது. மக்கள் பணிந்து கிடக்கவேண்டும் என்று திருச்சபை கொடுத்த பாட்டு அது. அதே பாட்டிலிருந்துதான் குடியானவர்கள் துன்பம், சாவு, மீட்பு என்ற வரிசையை எடுத்துக்கொண்டு தங்கள் கிளர்ச்சிகளுக்குப் பொருள் தேடினார்கள் என்று வரலாற்றாசிரியர் ரெய்னால்டோ இலேத்தோ 1979இல் விரிவாக வாதிட்டார்.

இதைப் படித்த கையோடு சிலர் மறுகோடிக்கு ஓடிவிடுகிறார்கள். எல்லாமே எதிர்ப்புக் கலை என்று எழுதத் தொடங்குகிறார்கள். கொமேத்யாவில் கிறிஸ்தவ அரசர்களும் முஸ்லிம் அரசர்களும் மோதுவார்கள். வாள்சண்டை, அணிநடை, காதல் எல்லாம் உண்டு. முடிவில் முஸ்லிம் தரப்பு தோற்கும், அல்லது ஞானஸ்நானம் பெறும். வடக்கே லூசோன் தீவின் கிராமத் திருவிழா மேடையில் இது கொண்டாட்டம். தெற்கே மிண்டனாவோ தீவின் முஸ்லிம் ஒருவர் இதைப் பார்த்தால் என்ன நினைப்பார் என்று ஒரு வரியாவது யோசிக்காமல் 'மக்கள் கலை' என்று புகழ்ந்துவிட்டுப் போகக்கூடாது.

அச்சிட்ட பிரதியை மட்டும் படித்துவிட்டுத் தீர்ப்பு எழுதுவது

எனக்கு இன்னும் எரிச்சல் தருவது இதுதான். கொஞ்சம் நீட்டியே சொல்கிறேன்.

ஸ்பெயினுக்குப் பிறகு வந்த அமெரிக்க ஆட்சியின் தொடக்க ஆண்டுகளில் எழுதப்பட்ட தகாலோக் நாடகங்களை 'ராஜதுரோக நாடகங்கள்' என்ற பெயரில் ஒன்றாகப் பேசுவது வழக்கம். 1901 நவம்பரில் வந்த சட்டம் விடுதலை வேண்டும் என்று வெளிப்படையாகப் பேசுவதையே குற்றமாக்கியிருந்தது. அந்தக் கெடுபிடிக்கு நடுவில்தான் ஹுவான் அபாத் 1902இல் 'தனிக்கலாங் கின்தோ' (தங்கச் சங்கிலி) நாடகத்தை மேடையேற்றினார். லிவானாக் என்ற பெண். அவளை வளர்க்கும் பேராசைக்காரன் மைம்போத் அவள் கையில் ஒரு தங்கச் சங்கிலியைப் பூட்டுகிறான். அவளுக்கு ஒரு காதலன். காதலனுக்கு ஒரு துரோகி அண்ணன். கதை இவ்வளவுதான்.

இந்த நாடகம் பற்றி ஒரு கட்டுரை என்னிடம் வந்தது. மொழி சுத்தமாக இருந்தது, உழைப்பும் தெரிந்தது. ஆனால் முடிவு என்ன தெரியுமா? 'பாத்திரங்கள் தட்டையானவை, வசனம் மிகையானது, நம் பழைய குடும்பப் படங்களின் தரம்.' எழுதியவரை அழைத்து, "சரி தம்பி, மேடையில் யார் என்ன நிற உடையில் நின்றார்கள்?" என்று கேட்டேன். "அது பிரதியில் இல்லையே சார்" என்றார்.

பிரதியில் இருக்காதுதான். எழுதிவைத்தால் அந்தக் காகிதமே நீதிமன்றத்தில் சாட்சியாகிவிடும். அதனால் சொல்லவேண்டியதைத் துணியிலும் திரைச்சீலையிலும் நடிகர்கள் நிற்கும் இடத்திலும் வைத்தார்கள். அப்போது மணிலாவில் பத்திரிகையாளராக இருந்த அமெரிக்கர் ஆர்தர் ரிக்ஸ் இதைப் பதிவு செய்திருக்கிறார். சிவப்பு, நீலம், வெள்ளை என்று தனித்தனி நிறத்தில் உடுத்திய நடிகர்கள் ஏதோ தற்செயல்போல மேடையில் நகர்ந்துகொண்டிருப்பார்கள். ஒரு கணம் எல்லோரும் நெருங்கி நிற்கும்போது பிலிப்பைன்ஸ் கொடி தெரியும். அடுத்த கணம் கலைந்துவிடுவார்கள். அரங்கம் ஆர்ப்பரிக்கும். தகாலோக் தெரியாத அமெரிக்கர் எதற்கு இந்தக் கைதட்டல் என்று விழிப்பார். இந்த ஒரு கணத்தை விட்டுவிட்டு வசனத்தை மட்டும் எடைபோட்டால், அன்றைக்கு ஏமாந்த தணிக்கைக்காரரின் நாற்காலியில் போய் நாமும் உட்கார்ந்திருக்கிறோம் என்றுதான் அர்த்தம்.

இதில் வேடிக்கை, எல்லா அதிகாரிகளும் ஏமாந்துவிடவில்லை. ஆரேலியோ தொலென்டினோவின் 'கஹாப்போன், ஙாயோன் அத் புக்காஸ்' 1903 மே 14 அன்று மணிலாவின் தியாத்ரோ லிபெர்தாதில் அரங்கேறியது. நேற்று, இன்று, நாளை என்று மூன்று காலங்கள். தாய்நாடு ஒரு பாத்திரம், மக்கள் ஒரு பாத்திரம். தொலென்டினோவுக்கு இரண்டு ஆண்டு சிறையும் 2,000 டாலர் அபராதமும் விதித்தார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் 1906இல் தண்டனை உறுதியானது. அந்தத் தீர்ப்பைக் கட்டாயம் படியுங்கள். இது வெறும் கலைப்படைப்பு என்ற வாதத்தை நீதிபதிகள் தூக்கி எறிந்த காரணத்தைப் பாருங்கள்: எந்த நேரத்தில், எந்தச் சூழலில், எந்த விதத்தில் மேடையேற்றினார்கள் என்பதை வைத்தே பார்வையாளர்களுக்கு அதன் உடனடிப் பொருள் விளங்காமல் போயிருக்காது என்றார்கள். தண்டிக்க வந்தவர்களுக்கே புரிந்த விஷயம், நூறு ஆண்டுக்குப் பிறகு பாராட்ட வருகிறவர்களுக்குத் தப்பிவிடுகிறது.

செவெரினோ ரேயஸின் 'வாலாங் சுகாத்' (காயமில்லை, 1902) வேறு விதமான பொறி. இங்கே வில்லன்கள் ஸ்பானியப் பாதிரிகள். அதனால் அமெரிக்கருக்கு வலிக்காத, பாதுகாப்பான நாடகம் என்று பலர் எழுதிவிடுகிறார்கள். கதாநாயகன் தென்யோங், ஸ்பானிய ஆட்சியை எதிர்த்த கதிப்பூனான் என்ற ரகசிய இயக்கத்தின் புரட்சிக்காரன். காதலி ஹுலியாவுக்கு வேறொருவனோடு திருமணம் நடக்கப்போகிற நேரத்தில், சாகக் கிடப்பவன்போலத் தூக்கி வரப்படுகிறான். இறக்கும் முன் அவளை மணக்கவேண்டும் என்று கேட்டு, மணம் முடிந்ததும் எழுந்து நிற்கிறான். உடம்பில் காயமே இல்லை. படிக்கும்போது நகைச்சுவைதான். ஆனால் புரட்சித் தலைவர் அகினால்டோ அமெரிக்கரிடம் பிடிபட்டது 1901 மார்ச்சில். போர் முடிந்துவிட்டதாக அமெரிக்கா அறிவித்தது 1902 ஜூலையில். நாடகம் அரங்கேறியது அந்த ஜூனில். செத்துவிட்டான் என்று எல்லோரும் முடிவுகட்டிய புரட்சிக்காரன் எழுந்து நிற்பதை அந்த மாதத்தில் அந்த அரங்கில் உட்கார்ந்து பார்த்தவர்கள் வெறும் கல்யாணக் காட்சியாகவா பார்த்திருப்பார்கள்?

ஆகவே பிரதியோடு நிற்காதீர்கள். வழக்குப் பதிவு, அந்த வாரத்துப் பத்திரிகை, நினைவுக்குறிப்பு, நிழற்படம், எதுவும் கிடைக்காவிட்டால் அரங்கேறிய தேதி. தேதி ஒன்றை வைத்தே நிறையப் பேசலாம்.

தகாலோக் மட்டும்தான் பிலிப்பைன்ஸ்

பாம்பாங்கா மாகாணத்தில், கபம்பாங்கான் மொழியில், 'இங் மனக்பே' என்ற சர்சுவேலா 1900இலேயே மேடையேறிவிட்டது. மேலே சொன்ன அமெரிக்கர் காலத் தகாலோக் நாடகங்கள் எல்லாவற்றுக்கும் முன்பு. செபுவானோ, இலோகானோ மொழி நாடகங்களின் கதை தனி.

ரிசாலில் தொடங்கி ரிசாலிலேயே முடிப்பது

நாட்டின் தேசிய வீரராகப் போற்றப்படும் ஹோசே ரிசாலின் இரண்டு நாவல்கள் வந்தது 1887, 1891இல். அப்புறமும் அந்த நாட்டில் ஆட்கள் எழுதினார்கள்.

வெகுஜனக் கலையை அடிக்குறிப்பில் தள்ளுவது

மேலே சொன்ன செவெரினோ ரேயஸ்தான் பிற்பாடு 'லிவய்வய்' வார இதழில் லோலா பஸ்யாங் என்ற பாட்டியின் பெயரில் குழந்தைக் கதைகள் எழுதி வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தவர். இலக்கிய வரலாற்றில் ஒரு ரேயஸ், வெகுஜன வரலாற்றில் இன்னொரு ரேயஸ் என்று பிரித்தால் மனிதரே காணாமல் போய்விடுவார். ஆத்தாங் தெ லா ராமாவையும் அப்படித்தான் கூறுபோடுகிறார்கள். 'தலகாங் புக்கித்' சர்சுவேலாவில் நடித்துப் புகழ் பெற்றவர். அதை ஹோசே நெப்போமுசெனோ 1919இல் படமாக்கியபோதும் அவரே நாயகி. பிலிப்பினோ ஒருவர் எடுத்த முதல் முழுநீளப் படம் என்று சொல்லப்படுவது அதுதான். மௌனப்படம் என்பதால், திரையிடும்போது ஆத்தாங் அரங்கிலேயே நின்று பாடினாராம். இது நாடகமா, சினிமாவா? அன்றைக்கு டிக்கெட் வாங்கியவர்கள் அதைப் பற்றிக் கவலைப்பட்டிருக்க மாட்டார்கள்.

போதபில் என்ற பல்சுவை மேடையையும் மறக்கவேண்டாம். அமெரிக்க வாடுவில் நிகழ்ச்சிகளைப் பார்த்துச் செய்தது என்று ஒதுக்குவார்கள். ஜப்பானிய ஆக்கிரமிப்பில் ஹாலிவுட் படங்கள் நின்றுபோனபோது மணிலாவின் திரையரங்குகளை நிரப்பியது இந்த மேடைக் கலைஞர்கள்தான்.

இன்றைய உதாரணம் வேண்டுமானால், 1967இல் தொடங்கப்பட்டு சர்வாதிகாரி மார்க்கோஸின் காலத்தைத் தாண்டி வந்த பேட்டா நாடகக் குழு 2014இல் போட்ட 'ராக் ஆஃப் ஏஜிஸ்'. கரவோக்கியில் எல்லோரும் தொண்டை கிழியப் பாடும் ஏஜிஸ் குழுவின் பாட்டுகளைக் கோத்து, வெள்ளம் வடியாத ஒரு குடியிருப்பின் கதையாக்கினார்கள். மேடையில் நிஜத் தண்ணீர். நடிகர்கள் அதில் நடந்துகொண்டே பாடுவார்கள். இதன் பாட்டு வரிகளை மட்டும் அலசி ஒரு கட்டுரை போன மாதம் வந்தது. தண்ணீர் பற்றி ஒரு வார்த்தை இல்லை. திருப்பி அனுப்பிவிட்டேன்.